ஆயிரமாவது பெட்டி

வேதாவின் நுண்கணிதப் புத்தகம் ஒன்பது வருஷம் கற்பூரம் சுற்றுகிற காகிதத்தின் மேல் உட்கார்ந்திருந்தது. அறுநூறு பக்கம், செங்கல் மாதிரி அட்டை. ஃபேன் காற்றுக்குப் பறந்துபோகிற மெல்லிய காகிதக் கட்டை அழுத்திப் பிடிக்க அதைவிடத் தோதான சாமான் அடி அண்ணாமலையிலேயே கிடையாது என்பது அவள் கணவன் திருமலையின் தீர்மானம். "எங்க மாமனார் வீட்டுச் சீர்லயே உருப்படியானது இதாங்க" என்று வருகிறவர்களிடம் எல்லாம் காட்டுவான். வேதாவும் கூடச் சிரித்துக்கொள்வாள். சிரிக்காமல் என்ன செய்வது? அந்தப் புத்தகத்தால் வேறு ஒரு பிரயோசனமும் அதுவரை அவளுக்கே தெரிந்ததில்லை.

கீழ்பென்னாத்தூரில் மல்லாட்டை என்கிற வேர்க்கடலை பயிரிட்ட வீட்டில் அவள் மூன்றாவது பெண். அக்காக்கள் இருவரும் உட்கார்ந்து மல்லாட்டை உரிக்கிறபோது, உரித்த தோலுக்கும் பருப்புக்கும் விகிதம் பார்த்துக்கொண்டிருந்தவள். கல்லூரிக்குத் திருவண்ணாமலை பஸ்ஸில் போவாள். டிக்கெட்டின் பின்பக்கத்தில் கணக்குப் போடுவாள். ஒரு தடவை டிக்கெட் பரிசோதகர் ஏறிக் கையை நீட்டியபோது, "பாதியில் நிக்குது சார், முடிச்சிட்டுத் தரேன்" என்று அவரை பஸ் ஸ்டாண்டு வரை காக்க வைத்தாளாம். அவரும் இறங்க வேண்டிய இடத்தை விட்டுவிட்டு, விடை என்ன வந்தது என்று கேட்டுக்கொண்டுதான் போனாராம். இதில் முக்கால்வாசி உண்மை.

மூன்றாம் வருஷம் வகுப்பில் எழுந்து நின்று, "சார், இந்த வகைக்கெழு எல்லாம் வாழ்க்கையில எதுக்கு உபயோகப்படும்?" என்று ஒரு நாள் கேட்டாள். விரிவுரையாளர் சாக்பீஸைக் கீழே வைத்தார். "பரீட்சைக்கு" என்றார்.

1989இல் கல்யாணமாகி அடி அண்ணாமலைக்கு வந்தாள். கிரிவலப் பாதையை ஒட்டி, தகரக் கூரை போட்ட ஷெட். அதற்குள் கற்பூர வில்லை அடிக்கிற தொழில். மாமியார் கையச்சில் அடித்த தொழில் அது. திருமலை கடன் வாங்கி மின்சார மிஷின் போட்டான். கற்பூரத் தூளைக் கொட்டினால் அது டக் டக்கென்று வில்லையாக அழுத்தித் தள்ளும். ராணியம்மாள் என்று ஒரு பெண்மணி, ஐம்பது வயது, பக்கத்துத் தெரு; அவளும் வேதாவும் ஒவ்வொரு வில்லையையும் காகிதத்தில் சுற்றி, ஆயிரம் வில்லையை அட்டைப் பெட்டியில் அடுக்குவார்கள். பெட்டிக்கு இரண்டு கிலோ. மிஷின் ஒரு நாளைக்குப் பத்துப் பெட்டிதான் போடும். கெஞ்சினாலும் பத்து, அடித்தாலும் பத்து.

அந்த வீட்டில் ஒரு வழக்கம் இருந்தது. கற்பூரம் சும்மா இருந்தாலும் காற்றில் கரையும், இது ஊரறிந்த விஷயம். அதனால் சரக்கு அனுப்புகிற நாளில் பெட்டியைத் திறந்து, எடை நிற்கிற அளவுக்கு மேலே வில்லை போட்டு மூடுவார்கள். இதற்குக் காத்துக் கைப்பிடி என்று பெயர். மாமியார் கண்ணை மூடுகிற வரைக்கும் ஒன்றில் கறாராக இருந்தாள்: காத்துக் கைப்பிடியை எண்ணக் கூடாது, கணக்கில் தனியாக எழுதக் கூடாது. மலைக்காற்று எடுத்துக்கொண்டது சாமிக்குப் போனது. சாமிக்குக் கொடுத்ததை யாராவது எழுதி வைப்பார்களா? திருமலையும் எழுதவில்லை. மொத்தச் செலவைப் பெட்டிகளின் எண்ணிக்கையால் வகுப்பான். அத்தோடு கணக்கு முடிந்தது.

அந்த வகுத்தல் அவனுக்குப் பெரிய சந்தோஷத்தைக் கொடுத்தது. கார்த்திகை தீபத்துக்கு முதல் வருஷம் நூறு பெட்டி போட்டான். பெட்டிக்கு எழுநூறு ரூபாய் அடக்கம். அடுத்த வருஷம் நூற்றைம்பது, அடக்கம் அறுநூற்றைம்பது. அதற்கடுத்து இருநூறு, அறுநூற்று முப்பது. மிஷின் தவணை, ஷெட் வாடகை, லைசென்ஸ் எல்லாம் சேர்ந்து சீசனுக்குப் பதினெட்டாயிரம், எத்தனை பெட்டி போட்டாலும் அதே பதினெட்டாயிரம். பெட்டி கூடக் கூட அந்தப் பாரம் பிரிந்துபோகிறது.

"பாத்தியா வேதா? ஜாஸ்தி போட்டா கம்மியாவுது. இன்னும் ஜாஸ்தி போட்டா இன்னும் கம்மியாவும்."

வேதாவுக்கு மூக்கில் எறும்பு ஊர்கிற மாதிரி ஏதோ செய்தது. முதலில் ஐம்பது குறைந்தது, அப்புறம் இருபதுதான் குறைந்தது. குறைவதே குறைகிறதே? ஆனால் அடுப்பில் பால் பொங்கியது. எழுந்து போய்விட்டாள்.

1998 ஆடி மாதம், சென்னையிலிருந்து கண்ணாயிரம் என்று ஒரு வியாபாரி காரில் வந்து இறங்கினார். முப்பது வருஷம் பருப்பு மண்டி வைத்திருந்தவர். பௌர்ணமிக்குப் பௌர்ணமி மலையைச் சுற்றுகிற கூட்டத்தைப் பார்த்து, பருப்பை மகனிடம் விட்டுவிட்டுக் கற்பூரத்துக்கு மாறியிருந்தார்.

"ஆயிரம் பெட்டி" என்றார். "பெட்டி அறுநூத்தறுபது. தீபத்துக்கு ஒரு வாரம் முன்னாடி, ஒரே நாள், ஒரே லோடு. பிரிச்சிப் பிரிச்சி அனுப்பினா எனக்கு வண்டிக் கூலி கட்டாது. அட்வான்ஸ் ஒரு லட்சம். எடையில ஒரு பெட்டி குறைஞ்சாலும் லோடு மொத்தமும் திரும்பும், தம்பி. அட்வான்சுக்கு இந்த மிஷின் எனக்கு."

வேதா காபி டம்ளரோடு அப்படியே நின்றாள். மிஷின் போனால் ஷெட்டில் மிச்சம் தகரமும் அவர்கள் மூன்று பேரும்தான்.

"ஏங்க, ஒரு நாள் டைம் கேளுங்க" என்றாள்.

"இன்னாத்துக்கு? இருநூறுக்கே அறுநூத்தி முப்பது. ஆயிரத்துக்கு ஐநூத்திச் சொச்சத்துல வந்து நிக்கும். லட்ச ரூபா லாபம்!" என்ற திருமலை, தட்டில் ஒரு வில்லையைக் கொளுத்தினான். கற்பூரம் செய்கிறவன் கற்பூரத்தின் மேல் சத்தியம் செய்தால் அதற்கு மேல் பத்திரம் கிடையாது. உள்ளங்கையால் சுடரை அடித்து அணைத்தான். கண்ணாயிரத்துக்கே உடம்பு சிலிர்த்துவிட்டது.

ஆடியில் எதையும் தொடங்க மாட்டார்கள். ஆவணி முதல் தேதி மிஷின் ஓடியது. அந்த ஆர்டரின் முதல் பெட்டிக்கு மஞ்சள் பூசிப் பொட்டு வைத்தான் திருமலை. மஞ்சள் வைத்த பெட்டி வேறு யாருக்கும் போகக் கூடாது, கேட்டவருக்கே போய்ச் சேர வேண்டும். அதுவும் அந்த வீட்டு வழக்கம்.

இருபது நாள் கழித்து ஆவணிப் பௌர்ணமி. கிரிவலக் கூட்டம் அலைமோத, பாதையோரக் கடைக்காரர் ஒருவர் ஓடி வந்தார். "அக்கா, கற்பூரம் தீந்துபோச்சு, ஒரு பெட்டி குடுங்க, புண்ணியமாப் போவும்!" வேதா சுவரோரம் முதல் வரிசையில் இருந்து ஒன்றை உருவினாள். இரண்டு கிலோ வரும் என்று கையை விசையோடு தூக்கினாள் பாருங்கள், பெட்டி பொரி மூட்டையாக மேலே வந்து அவள் நெற்றியிலேயே இடித்தது.

தராசில் வைத்தாள். ஒன்று அறுநூறு.

இன்னொன்று. ஒன்று அறுநூறு. வரிசை முழுக்க அப்படித்தான்.

திருமலை ஓடி வந்தான். தராசைப் பார்த்தான். அப்புறம், கண் செய்த தப்பு, ராணியம்மாள் பக்கம் திரும்பிவிட்டது.

அவ்வளவுதான். ராணியம்மாள் மடியில் இருந்த காகிதத்தை எல்லாம் உதறிக்கொண்டு எழுந்தாள். "இன்னா பாக்கற? இன்னா பாக்கறேங்கறேன்? ஒவ்வொரு பெட்டியிலயும் நானூறு கிராம், அளந்து அளந்து, எடுத்துக்கினு போய் இன்னா பண்ணேன், வடை சுட்டேனா? இந்தா, சோதிச்சுக்கோ! முந்தானைய உதறட்டா? எங்க வீட்டாண்ட வா, மோந்து பாரு! கற்பூரத்தத் திருடிட்டு வாசனைய எங்கடா ஒளிப்பாங்க?"

"அக்கா, நான் ஒண்ணுமே சொல்லலியே..."

"உன் கண்ணு சொல்லிச்சி!"

வேதாவுக்கு இவர்கள் இருவரும் கத்துவது எங்கோ தூரத்தில் கேட்டது. நேற்று அடுக்கிய பெட்டியை எடுத்து வைத்தாள்; இரண்டு கிலோவுக்கு இருபது கிராம் கம்மி. பத்து நாளைக்கு முந்தையது; ஒன்று எண்ணூறு. நாளுக்கு இருபது கிராம். நூற்றில் ஒன்று. திருடன் யாரும் இல்லை. தகரக் கூரையின் சூட்டில், அந்த மெல்லிய காகிதத்தின் வழியாக, சரக்கு நாள் தவறாமல் எழுந்து போய்க்கொண்டிருக்கிறது.

"காத்துக் கைப்பிடி" என்றாள்.

"அதான் எப்பவும் போடறமே" என்றான் திருமலை, நிம்மதியாக. "அனுப்பற அன்னிக்குப் போட்டுக்கலாம்."

"எத்தினி கைப்பிடி?"

அவன் அதை எண்ணியதே இல்லையே.

வேதா புத்தகத்தைத் தூக்கிப் பக்கத்தில் வைத்தாள். காகிதங்கள் ஷெட் முழுக்கப் பறந்தன. அதில் ஒன்றைக் காலால் மிதித்துப் பிடித்து, தரையில் உட்கார்ந்து எழுத ஆரம்பித்தாள்.

ஒரு பெட்டிக்குக் கற்பூரம் நானூறு ரூபாய், காகிதம், அட்டை, கூலி நூறு. ஆக ஐநூறு. நாளுக்கு நூற்றில் ஒன்று கரைந்தால், காத்திருக்கிற ஒவ்வொரு பெட்டியும் ஒவ்வொரு நாளும் நான்கு ரூபாய் இழக்கும். நூறு பெட்டி கேட்டால் பத்து நாள் முன்னால் ஆரம்பித்தால் போதும். முதல் பெட்டி பத்து நாள் காத்திருக்கும், கடைசிப் பெட்டி காத்திருக்கவே வேண்டாம், சராசரி ஐந்து நாள். ஆயிரம் கேட்டால் நூறு நாள் முன்னால் ஆரம்பிக்க வேண்டும். சராசரி ஐம்பது நாள். பெட்டிக்கு இருநூறு ரூபாய் காற்றுக்கு. ஆயிரம் பெட்டிக்கு இரண்டு லட்சம்.

பேனா நின்றது. தப்பாக இருக்கும் என்று மறுபடி போட்டாள். மறுபடியும் இரண்டு லட்சம்.

பத்து மடங்கு பெட்டிக்குப் பத்து மடங்கா காற்று தின்கிறது? நூறு மடங்கு தின்கிறது. பெட்டியும் கூடுகிறது, ஒவ்வொன்றும் காத்திருக்கிற நாளும் கூடுகிறது. இரண்டும் ஒன்றை ஒன்று பெருக்குகின்றன. எக்ஸ் பெட்டி என்றால் ஒவ்வொன்றும் சராசரி எக்ஸில் இருபதில் ஒரு பங்கு நாள் காத்திருக்கும், நாளுக்கு நான்கு ரூபாய்; மொத்தத்தில் காற்றின் பங்கு எக்ஸ் வர்க்கத்தில் ஐந்தில் ஒன்று. மொத்தச் செலவு: பதினெட்டாயிரம், கூட்டல் ஐநூறு எக்ஸ், கூட்டல் எக்ஸ் வர்க்கத்தில் ஐந்தில் ஒன்று. பழைய வருஷங்களை அதில் போட்டுப் பார்த்தாள். நூறுக்கு எழுநூறு. நூற்றைம்பதுக்கு அறுநூற்றைம்பது. இருநூறுக்கு அறுநூற்று முப்பது. மூன்றும் அச்சு அசலாக வந்து நின்றன. மாமியார் எழுதக் கூடாது என்று சொன்னதெல்லாம் அந்த எண்களுக்குள் இத்தனை நாள் உட்கார்ந்துதான் இருந்திருக்கிறது.

"ஆயிரத்துக்கு இன்னா வருது?" என்றான் திருமலை. குரல் இறங்கிவிட்டது.

"பெட்டி எழுநூத்திப் பதினெட்டு. நமக்குக் கிடைக்கறது அறுநூத்தறுபது. மொத்தம் அம்பத்தெட்டாயிரம் நட்டம்."

"அது எப்பிடி? ஜாஸ்தி போட்டா கம்மியாவுதுனு நாமளே பாத்தமே!"

"முந்நூறு வரைக்கும் ஆவும். பதினெட்டாயிரத்தைப் பிரிச்சிக்கப் பெட்டி கூடுதில்லியா, அதனால. அதுக்கு மேல போனா காத்து ஜெயிச்சிடும்." அவள் விரல் அந்த வரியின் மேல் நின்றது. "நீங்க சராசரியப் பாத்தீங்க. சராசரி நடந்து முடிஞ்சதச் சொல்லும். இன்னும் ஒரு பெட்டி சேத்தா மொத்தச் செலவு எவ்வளவு ஏறும்? அதத்தான் கேட்டிருக்கணும்."

அதைத்தான் வகைக்கெழு சொல்கிறது. மாறாத பதினெட்டாயிரம் உதிர்ந்து போகும். ஐநூறு எக்ஸில் ஐநூறு நிற்கும். வர்க்கத்தின் இரண்டு கீழே இறங்கி முன்னால் வந்து நிற்கும். ஐநூறு கூட்டல் எக்ஸில் ஐந்தில் இரண்டு. புத்தகத்தில் அதற்கு இறுதிநிலைச் செலவு என்று பெயர். முந்நூறாவது பெட்டியில் அது அறுநூற்றிருபது, அங்கே சராசரியும் அறுநூற்றிருபது. இரண்டும் அந்த ஓரிடத்தில் சந்திக்கின்றன. அதுவரை புதுப் பெட்டி சராசரியைவிட மலிவு, சராசரியைக் கீழே இழுக்கும். அதைத் தாண்டினால் புதுப் பெட்டி சராசரியைவிட விலை ஏறியது, மேலே இழுக்கும். நானூறாவது பெட்டிக்கு அறுநூற்றறுபது. அதற்குமேல் போடுகிற ஒவ்வொரு பெட்டிக்கும் கையில் இருந்து கொடுக்க வேண்டும்.

"ஆயிரமாவது பெட்டிக்குத் தொள்ளாயிரம்" என்றாள் வேதா.

இதைக் கேட்டதும் ராணியம்மாளுக்குக் கோபம் கூட மறந்துவிட்டது. "அய்யய்யே! கடைசி நாள் போடற பெட்டிக்கா? அது காத்தே வாங்காதே?"

வேதா தலையை ஆட்டினாள். சொல்லும்போதே அவளுக்கும் அது புதிதாக இருந்தது. "இல்லக்கா. தொள்ளாயிரத்துத் தொண்ணூறு போதும்னா நாம ஒரு நாள் தள்ளி ஆரம்பிச்சிருப்போம். அந்தக் கடைசிப் பத்துக்காகத்தான ஆவணி ஒண்ணுலயே மிஷின ஓட்டினோம்? அப்ப ஆயிரமாவது பெட்டி எது? அதோ, அது."

மூன்று பேரும் திரும்பிப் பார்த்தார்கள். மஞ்சள் பூசிய முதல் பெட்டி சுவரோரம் சமர்த்தாக உட்கார்ந்திருந்தது.

"நூறு நாள் நின்னா அதுல ஒண்ணும் இருக்காது. வெறும் காகிதம். உள்ள மறுபடி நானூறு ரூபா சரக்கு போடணும். ஐநூறும் நானூறும் தொள்ளாயிரம். ஒரே பெட்டிய ரெண்டு தடவ செய்யறோம்."

ஷெட்டில் மிஷின் மட்டும் டக் டக்கென்று ஓடிக்கொண்டிருந்தது. வேதா எழுந்து போய் ஸ்விட்சை அணைத்தாள்.

"ஏய்! இன்னா பண்ற?" திருமலை பாய்ந்து வந்தான். "இன்னும் எண்ணூறு பெட்டி பாக்கி நிக்குது! சத்தியம் பண்ணியிருக்கேன்!"

"சத்தியம் ஆயிரம் பெட்டிக்குத்தான. இன்னிக்கே போடணும்னு யார் சத்தியம் பண்ணது?"

அன்று சாயங்காலத்துக்குள் நூற்றுத் தொண்ணூற்று ஒன்பது பெட்டிகளுக்கும் எடை நிரப்பி, பதினான்கு கிலோமீட்டர் கிரிவலப் பாதையில் இருக்கிற கடை ஒன்று விடாமல், பத்து இருபது ரூபாய் குறைத்துத் தள்ளிவிட்டாள். மஞ்சள் பெட்டியை மட்டும் திருமலை கட்டிப் பிடித்துக்கொண்டான். அது கண்ணாயிரத்தின் பெட்டி. விற்றால் குடும்பத்துக்கு ஆகாது. தகரக் கூரைக்கு அடியில் பரணில் ஏற்றிவைத்தான்.

அடுத்த குண்டை அவள் மறுநாள் போட்டாள். "இன்னொரு மிஷின் வேணும்."

திருமலை சாப்பிட்ட வாய் திறந்தபடி நின்றது. "நட்டம்னு நீதான சொன்ன? செலவ இன்னும் ஏத்தறியே!"

"ரெண்டு மிஷின்னா நாளுக்கு இருபது பெட்டி. அம்பது நாள் போதும். காத்துக்குப் போற ரெண்டு லட்சம் ஒரு லட்சமாயிடும். மிஷினுக்குப் பதினெட்டாயிரம் குடுத்து ஒரு லட்சத்த மிச்சம் பண்ணா கசக்குதா?"

வேங்கிக்காலில் தருமன் என்பவர் சாம்பிராணி வில்லை அடித்துப் பார்த்து மூடிவிட்டிருந்தார். அவர் மிஷின் துணி போர்த்தித் தூங்கியது. அதை வாடகைக்குப் பேசினாள். இடம், ஆள், கரண்டு எல்லாம் சேர்த்துப் பதினெட்டாயிரம். மூன்றாவது ஒன்று கிடைத்தால் இன்னும் பதினைந்தாயிரம் மிஞ்சும் என்று கணக்கு சொன்னது. டவுனில் தேடியும் அகப்படவில்லை. கிடைத்த இரண்டை வைத்துப் பார்த்தால் பெட்டி அறுநூற்று முப்பத்தாறு. அப்போதும் எண்ணூறுக்கு மேற்பட்ட பெட்டிகள் நட்டம்தான். ஆனால் மொத்தத்தில் தாங்கும். மிஷின் போகாது.

ஆனால் அதற்கு முப்பது நாள் மிஷினைச் சும்மா போட்டுவைக்க வேண்டும். அந்த முப்பது நாளும் திருமலை பட்ட பாடு சொல்லி முடியாது. நடுவில் கண்ணாயிரம் வேறு வந்து எட்டிப் பார்த்தார். காலி ஷெட்டையும், மிஷின் மேல் காய்கிற பாவாடையையும் கண்டு அவர் முகம் வெளுத்தது.

"தம்பி, எங்க என் சரக்கு?"

திருமலை வேதாவைப் பார்த்தான்.

"நீங்க கேட்ட தேதிக்கு வரும், அண்ணே" என்றாள் வேதா.

"இருக்கறது அறுபது சொச்சம் நாள், தங்கச்சி. ஒரு பெட்டியக் கூடக் காணோம். நான் பாத்த கற்பூரக்காரன் எல்லாம் ஆடியிலயே அனுப்பி, என் மெட்ராஸ் கோடவுன்ல நானூறு பெட்டி அடுக்கியாச்சு. உங்களப் பாத்தா பயமா இருக்கு. மிஷின எடுத்துக்கினு போக வண்டி இப்பவே சொல்லி வெச்சிடறேன்."

அவர் போனதும் திருமலை அழுதுவிட்டான். "உன் புத்தகம் காகிதத்து மேலயே இருந்திருக்கலாம், வேதா." அவள் இரண்டு மிஷின் ஓடினால் ஐந்தில் ஒன்று பத்தில் ஒன்றாகிறதா என்று பதினேழாவது தடவை சரிபார்த்துக்கொண்டிருந்தாள். இந்தக் கணக்குக்கு மதிப்பெண் போட யாரும் வரப்போவதில்லை. தப்பானால் மிஷின்தான் போகும்.

புரட்டாசிப் பௌர்ணமி முடிந்த மறுநாள் இரண்டு மிஷின்களும் ஓட ஆரம்பித்தன. ஐம்பது நாள் ராணியம்மாளின் விரல்களைக் கண்ணால் பார்க்க முடியவில்லை. காகிதம் தானாகவே சுருண்டுகொள்கிற மாதிரித்தான் தெரியும். கடைசி நாள் எல்லாப் பெட்டியையும் திறந்து, ஒவ்வொன்றிலும் எண்ணி, எழுதி, காத்துக் கைப்பிடி போட்டார்கள்.

சொன்ன தேதிக்குக் கண்ணாயிரம் வந்தார். ஒன்றுக்கு இரண்டு லாரி கொண்டுவந்தார்: ஒன்று சரக்குக்கு, ஒன்று மிஷினுக்கு. கூரை வரைக்கும் அடுக்கியிருந்த பெட்டிகளைக் கீழிருந்து மேல்வரை ஒரு தடவை பார்த்தார். அப்புறம் தன் தராசை இறக்கச் சொன்னார். கண்ணை ஓட்டினார். அடுக்கின் உச்சியில் மஞ்சள் பூசிய ஒன்று தெரிந்தது.

"அத எடு. மஞ்சள் வெச்சது. மங்களகரமா ஆரம்பிப்போம்."

அந்தப் பெட்டி பரணில் அல்லவா இருந்தது? வேதா திரும்பித் திருமலையைப் பார்த்தாள். கேட்டவருக்கே போய்ச் சேர வேண்டிய பெட்டி. விடிகாலையில் யாருக்கும் சொல்லாமல் அவனே இறக்கி, பக்தியோடு உச்சியில் வைத்திருந்தான். அவன் முகத்தில் இப்போதுதான் அது உறைத்தது.

தராசு முள் அசையவில்லை. அட்டையின் எடைக்கு ஒரு நடுக்கம், அவ்வளவுதான். கண்ணாயிரம் பெட்டியைத் திறந்தார். ஆயிரம் காகிதச் சுருள்கள், முறுக்கு குலையாமல், ஒவ்வொன்றும் காலி. ஒன்றைப் பிரித்தார், இன்னொன்றைப் பிரித்தார்.

"வெறும் காகிதத்தச் சுத்தி... எனக்கா... டேய், மிஷினக் கழட்டுங்கடா!"

"எண்ணுங்க!" என்று கத்தினாள் வேதா. தன் குரல் அவளுக்கே புதிதாக இருந்தது. "மொதல்ல பெட்டிய எண்ணுங்க, அண்ணே. உங்க ஆர்டர் ஆயிரம். இங்க இருக்கறது ஆயிரத்தி ஒண்ணு. நீங்க எடுத்தது உங்க கணக்குல இல்ல. அது காத்தோட பெட்டி."

எண்ணினார்கள். அதைத் தவிர்த்து ஆயிரம். கண்ணாயிரம் ஒன்று விடாமல் நிறுத்தார். மத்தியானம் சாப்பாடு கூட இல்லை. இரண்டு கிலோ, இரண்டு கிலோ, இரண்டு கிலோ. ஆயிரமாவதும் இரண்டு கிலோ.

அவர் வேர்வையைத் துடைத்துக்கொண்டு அந்தக் காலிப் பெட்டியைப் பார்த்தார். "அப்ப இதுக்கு இன்னா ஆச்சு?"

"ஆவணி ஒண்ணுல போட்டது. பருப்பு இருந்த எடத்துல இருக்கும், அண்ணே. இது இருக்காது. நூறு நாள் ஆச்சுன்னா..."

கண்ணாயிரத்தின் வாய் மெல்லத் திறந்தது. "ஆவணியிலயா? என் கோடவுன்ல இருக்கறது ஆடிச் சரக்கு."

அந்தப் பெரிய உடம்பு அவ்வளவு வேகமாக ஓடும் என்று யாரும் நினைத்ததில்லை. எஸ்.டி.டி. பூத்துக் கண்ணாடிக்குள் அவர் நிற்பது ஷெட்டில் இருந்தே தெரிந்தது. மகனிடம் ஏதோ சொன்னார். காத்திருந்தார். மீட்டரில் சிவப்பு எண் ஓடிக்கொண்டே இருந்தது. அங்கே பெட்டியைப் பிரிக்கிறார்கள் போல. அப்புறம் ரிசீவர் காதில் இருந்து நழுவித் தோளுக்கு வந்தது.

திரும்பி வந்து ராணியம்மாளின் மணைக்கட்டையில் பொத்தென்று உட்கார்ந்தார். அவள் ஒரு சொம்புத் தண்ணீரை நீட்டி, "குடிங்க. கோடவுன்ல யாருனா திருடி இருப்பாங்க, முந்தானைய உதறிப் பாருங்க" என்றாள்.

"தீபத்துக்கு எட்டு நாள்" என்றார் கண்ணாயிரம், ஈனக் குரலில். "தங்கச்சி, ஒரு நூத்தம்பது பெட்டி போட முடியுமா?"

"போடலாம். ரெண்டு மிஷின், எட்டு நாளு. சூடு கூட ஆறாம வரும்."

"விலை?"

"தொள்ளாயிரம்."

திருமலையின் கையில் இருந்த டம்ளர் விழுந்து உருண்டது. கண்ணாயிரம் மூச்சை உள்ளே இழுத்தார். "அறுநூத்தறுபது தான..."

"ஆடியில நீங்க கேட்ட ஆயிரமாவது பெட்டிக்கு, ஒரு மிஷின்ல போட்டிருந்தா எனக்கு ஆவற அடக்கம் அது. இப்ப உங்களுக்குச் சொல்றேன்." உடனே போட்டு உடனே அனுப்புகிற பெட்டிக்குத் தனக்கு ஐநூற்றுச் சொச்சம்தான் ஆகும் என்று அவள் சொல்லவில்லை. அவரும் கேட்கவில்லை. பருப்புக்காரருக்குச் சராசரி மட்டும்தான் தெரியும்.

"சரி" என்றார்.

திருமலைக்கு அப்போதுதான் உயிர் வந்தது. வியாபாரம் படிந்தால் சத்தியம் செய்ய வேண்டுமே! பழக்க தோஷத்தில் தட்டை இழுத்துப் போட்டுக்கொண்டு, பக்கத்தில் இருந்த மஞ்சள் பெட்டிக்குள் கையை விட்டான். காகிதம் வந்தது. மறுபடி விட்டான். மறுபடியும் காகிதம். கொளுத்தவும் அணைக்கவும் ஒன்றும் இல்லாமல் அந்தப் பேரம் முடிந்தது.

வேதாவுக்கு இப்போது இரண்டு சொந்த மிஷின். 2003இல் காற்றுப் புகாத பளபளப்பு உறை வந்தது. எக்ஸ் வர்க்கத்துக்கு முன்னால் இருந்த பத்தில் ஒன்று, நூற்றில் ஒன்றாக இறங்கியது. அன்றைக்கும் அவள் உட்கார்ந்து மறுபடி முதலில் இருந்து வகையிட்டாள். கணக்கு நோட்டில் முதல் வரி காத்துக் கைப்பிடி. அதைத் திருமலைதான் எழுதுகிறான், எழுதுமுன் அம்மா படத்தைப் பார்த்து ஒரு தடவை கன்னத்தில் போட்டுக்கொள்கிறான். காகிதக் கட்டின் மேல் ஒரு கருங்கல் இருக்கிறது. புத்தகம் பரணில் இல்லை, அலமாரியில் இல்லை. தராசுக்குப் பக்கத்தில் கிடக்கிறது, நடுவில் ஒரு பஸ் டிக்கெட் செருகி.